வயதான நாய் இரவில் ஏன் நடக்கிறது?

போரூருக்கும் பூந்தமல்லிக்கும் நடுவே டிரங்க் ரோட்டின் இரண்டு பக்கமும் காலி மனைகள் வீடுகளாகிக்கொண்டிருந்த காலத்தில், கிரகப்பிரவேசம் முடிந்த கையோடு காவலுக்கென்று ஒரு நாய்க்குட்டியைக் கொண்டுவந்து விட்டவர்கள் எங்கள் குமணன்சாவடியில் நிறையப் பேர். அப்போது பல தெருக்களில் விளக்கு கிடையாது. பக்கத்து வீடு நாலு மனை தள்ளி இருக்கும். நாய் இருந்தால்தான் ராத்திரி தூக்கம் வரும். அந்தக் குட்டிகளுக்கெல்லாம் இப்போது வயதாகிவிட்டது. காலையில் தெருவில் நடந்தால், மூஞ்சி நரைத்த லேப்ரடார் ஒன்று கேட்டுக்குப் பின்னால் படுத்தபடியே இருக்கும். பேப்பர் போடும் பையனைப் பார்த்துக்கூட எழுந்திருக்காது. அடுத்த வீட்டுப் பொமரேனியனின் கண்ணில் நீலம் பாய்ந்திருக்கும். மாடிப்படி வரை வந்து, முதல் படியில் முன்காலை வைத்துப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போகும் நாட்டு நாய் ஒன்று எங்கள் வீட்டில் இருக்கிறது. ராணி என்று பெயர்.

"வயசாயிடுச்சு, அதான்" என்பார்கள். குரைக்காததற்கும் அதே காரணம், ஹாலில் மூத்திரம் போவதற்கும் அதே காரணம், நடுராத்திரியில் எழுந்து வீட்டைச் சுற்றுவதற்கும் அதே காரணம். அப்படிச் சொன்னதும் பேச்சு முடிந்துபோகிறது. எனக்கு அதுதான் கவலை. முதுமையில் காது ஒரு வேகத்தில் தளரும், மூட்டு வேறொரு வேகத்தில் தளரும், சிறுநீரகமும் மூளையும் தனித்தனியே தளரும். வலிக்கிறது, தெரியவில்லை, கேட்கவில்லை என்று சொல்ல நாய்க்கு வாயில்லை. பழக்கத்தை மாற்றிக்கொள்வது ஒன்றுதான் அதனால் முடியும். மாறிய பழக்கம் ஒவ்வொன்றுக்கும் பின்னால் எந்த உறுப்பு இருக்கிறது என்று தேடிப் போனால், பலவற்றுக்கு மருந்து இருக்கிறது. மருந்து இல்லாதவற்றுக்கும் வீட்டில் செய்யக்கூடிய ஏற்பாடு இருக்கிறது.

முதலில் வயதுக் கணக்கைச் சரிசெய்துகொள்வோம். நாயின் ஒரு வயது நமக்கு ஏழு வயது என்ற வாய்ப்பாடு எல்லோருக்கும் தெரியும். அது தவறு. 2020இல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் சான் டியேகோ வளாக ஆய்வாளர்கள் 104 லேப்ரடார் நாய்களின் டிஎன்ஏவை எடுத்து, வயதாக ஆக அதன்மேல் மெத்தில் என்ற வேதிக்குறிகள் எப்படி மாறுகின்றன என்று மனிதர்களோடு ஒப்பிட்டார்கள். நாய் தொடக்கத்தில் பாய்ந்து முதிர்கிறது, பிறகு வேகம் குறைகிறது. அவர்கள் கணக்குப்படி ஒரு வயது நாய் சுமார் 31 வயது மனிதருக்கு ஒப்பு. 4 வயதில் 53ஐத் தொட்டுவிடும். 12 வயதில் 70ஐத் தாண்டும். லேப்ரடாரை வைத்துப் போட்ட கணக்கு என்பதால் மற்ற இனங்களுக்கு அப்படியே பொருந்தாது.

ஏனென்றால் உடலின் அளவு ஆயுளை மாற்றிவிடுகிறது. பொதுவாகப் பெரிய விலங்கு நீண்ட காலம் வாழும், யானையையும் எலியையும் நினைத்துக்கொள்ளுங்கள். நாய் இனத்துக்குள் இது தலைகீழ். 2013இல் 74 இனங்களின் தரவைப் பார்த்த ஓர் ஆய்வு, உடல் எடை 2 கிலோ கூடினால் எதிர்பார்க்கக்கூடிய ஆயுளில் ஏறக்குறைய ஒரு மாதம் குறைகிறது என்று கண்டது. பெரிய நாய்கள் சீக்கிரம் முதுமைக்குள் நுழைகின்றன என்பதைவிட, நுழைந்தபின் வேகமாக முதுமையடைகின்றன என்பதே அதன் முடிவு. கிரேட் டேன் 8 வயதில் கிழடு. நம் ஊரில் பொமரேனியன் என்று அழைக்கப்படுபவை பெரும்பாலும் இந்தியன் ஸ்பிட்ஸ். அது அந்த வயதில் பந்துக்குப் பின்னால் ஓடிக்கொண்டிருக்கும்.

கண்ணில் தெரியும் நீலத்தைப் பார்த்து "புரை விழுந்துடுச்சு" என்று பயப்படுகிறவர்கள் உண்டு. பெரும்பாலும் அது புரை இல்லை. கண்ணின் லென்ஸ் வெங்காயம் போல அடுக்கடுக்காக வளர்வது. வாழ்நாள் முழுவதும் வெளிப்பக்கம் புது இழைகள் சேர்ந்துகொண்டே இருக்க, பழையவை நடுவில் நெருங்கி இறுகிவிடுகின்றன. அந்த இறுகிய நடுப்பகுதி ஒளியைச் சிதறடிப்பதால் நீலச் சாம்பலாகத் தெரிகிறது. 7, 8 வயதுக்கு மேல் அநேகமாக எல்லா நாய்களுக்கும் வரும், பார்வையை அதிகம் கெடுக்காது. உண்மையான கண்புரை வெள்ளையாக இருக்கும், ஒளியை மறைக்கும். சில வாரங்களில் திடீரென்று இரண்டு கண்ணும் வெளுத்தால் சர்க்கரை நோய் இருக்கிறதா என்று ரத்தம் பார்க்க வேண்டும். நாய்களுக்குச் சர்க்கரை நோய் வந்தால் புரை அவ்வளவு வேகமாக வரும்.

காது விஷயத்தில்தான் வீட்டில் மனஸ்தாபம் அதிகம். காவல் காத்த நாயின் பெயரை 7ஆம் நூற்றாண்டிலேயே கல்லில் வெட்டி வைத்தவர்கள் நாம். திருவண்ணாமலை மாவட்டம் எடத்தனூர் நடுகல்லில் கோவிவன் என்ற நாய், இறந்த வீரனின் பக்கத்தில் நிற்கிறது. அப்படிப்பட்ட ஊரில் நாய் குரைப்பதை நிறுத்தினால் அது வேலையை விட்டுவிட்டதாகத் தோன்றுவது இயல்பு. கூப்பிட்டால் வராததைத் திமிர் என்றுகூடச் சொல்வார்கள். உள்காதில் ஒலியை நரம்புக்குக் கொடுக்கும் மயிர்ச்செல்கள் செத்தால் பாலூட்டிகளுக்கு மறுபடி முளைப்பதில்லை. கேட்கும் திறன் ஒரேயடியாகப் போகாது. சில சுருதிகள் முதலில் போகும், மற்றவை மிஞ்சும். அதனால்தான் பெயர் சொன்னால் திரும்பாத நாய், கை தட்டினால் திரும்புகிறது. வேண்டுமென்றே செய்கிறது என்ற தப்பான எண்ணம் இங்கேதான் பிறக்கிறது. நாய் இன்னும் கொஞ்சம் கேட்கும்போதே சொல்லோடு கைச்சைகையையும் சேர்த்துப் பழக்கிவிட்டால், காது முழுக்கப் போன பிறகும் பேச்சுவார்த்தை தொடரும். தூங்கும் நாயைத் தொட்டு எழுப்பாமல், மூக்குக்குப் பக்கத்தில் கையை நீட்டி வாசனை காட்டி எழுப்ப வேண்டும். கேட்காத நாய் திடுக்கிட்டுக் கடிப்பது சுபாவக் கேடு ஆகாது. வீட்டில் சின்னக் குழந்தைகள் இருந்தால் அவர்களுக்கு இதை முதல் பாடமாகச் சொல்லித்தர வேண்டும்.

மூட்டுக்கு வருகிறேன். புதிய வீடுகளில் எல்லாம் வழுவழுப்பான டைல்ஸ் அல்லது கிரானைட். மூட்டின் குருத்தெலும்பு தேய்ந்த நாய்க்கு அந்தத் தளம் நாள் முழுக்கப் பரீட்சை. எழும்போது பின்னங்கால் வழுக்குகிறது, அதைத் தடுக்கத் தொடையை இறுக்குகிறது, இறுக்கினால் வலிக்கிறது. வலித்த நாய் பெரும்பாலும் கத்தாது. மாடி ஏறுவதை நிறுத்தும், உட்காரும் முன் தயங்கும், முதுகைத் தடவினால் விலகிப்போகும், ஒரே இடத்தை நக்கிக்கொண்டிருக்கும். கால்மிதிகளையோ பழைய கோணிச்சாக்கையோ அது நடக்கும் வழியில் விரித்துப் போட்டால் போதும், அன்றைக்கே நடை மாறுவதைப் பார்க்கலாம். ராணிக்கு நாங்கள் செய்த முதல் வைத்தியம் அதுதான். நகத்தை ஒட்டி வெட்டுவதும், பாதத்தின் நடுவில் வளரும் மயிரைக் கத்தரிப்பதும் பிடிமானத்தைக் கூட்டும்.

இந்த இடத்தில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். நாய் நொண்டுகிறது என்று நமக்காக வாங்கி வைத்திருக்கும் வலி மாத்திரையைப் பாதியாக உடைத்துச் சோற்றில் வைப்பது பல வீடுகளில் நடக்கிறது. ஐபுப்ரோஃபன், டைக்ளோஃபெனாக் இரண்டும் நாயின் இரைப்பையில் புண் உண்டாக்கி ரத்தம் கசிய வைக்கும், சிறுநீரகத்தையும் கெடுக்கும். பாராசிட்டமால் அளவு மீறினால் கல்லீரலைத் தாக்கும். நாய்களுக்கென்றே வலி மருந்துகள் உண்டு. ரத்தப் பரிசோதனை செய்து, எடை பார்த்து, கால்நடை மருத்துவர் எழுதித்தர வேண்டியவை அவை.

இனி அந்த இரவு நடை.

மணி இரண்டு, மூன்று இருக்கும். எல்லோரும் தூங்கியபின் நகம் தளத்தில் தட்டும் சத்தம் மட்டும் கேட்கும். எழுந்து பார்த்தால் நாய் ஹாலிலிருந்து சமையலறைக்கும், அங்கிருந்து ஹாலுக்கும் நடந்துகொண்டிருக்கும். சோபாவுக்குப் பின்னால் போய்ப் பின்னோக்கி வரத் தெரியாமல் நிற்கும். கதவு திறக்கும் பக்கத்தை விட்டுவிட்டுக் கீல் இருக்கும் பக்கம் போய் முகத்தை வைத்துக் காத்திருக்கும். சுவரை வெறிக்கும். பகலெல்லாம் தூங்கும். வெளியே கூட்டிப்போனால் ஒன்றும் செய்யாமல், வீட்டுக்குள் வந்ததும் மூத்திரம் போகும். வீட்டு ஆள் ஒருவரைப் பார்த்து வாலாட்டாமல் கடந்துபோகும். இவற்றைச் சேர்த்துப் பார்த்தால் ஒரு நோயின் உருவம் தெரிகிறது. கால்நடை மருத்துவர்கள் அதைக் காக்னிட்டிவ் டிஸ்ஃபங்ஷன் என்கிறார்கள். மனிதர்களுக்கு வரும் அல்சைமருக்கு மிக நெருங்கிய உறவு.

நெருக்கம் என்று சொல்வது வெறும் உவமைக்காக இல்லை. அல்சைமர் நோயாளியின் மூளையில் படியும் பீட்டா அமிலாய்ட் புரதத்தின் அமினோ அமில வரிசையும், நாயின் மூளையில் படிவதன் வரிசையும் ஒன்றே. வயதான நாயின் மூளை சுருங்குகிறது, நடுவிலுள்ள திரவ அறைகள் பெரிதாகின்றன, நரம்புச் செல்களுக்கு வெளியே அமிலாய்ட் படிகிறது. மனித மூளையில் அதோடு சேர்ந்து வரும் நரம்பிழை முடிச்சுகள் மட்டும் நாய்களில் அரிது. ஆய்வகத்தில் மரபணுவை மாற்றி நோயாளியாக்கப்பட்ட எலியைவிட, நம் வீட்டில் நம்மோடு ஒரே காற்றைச் சுவாசித்து, தானாக இந்த நோய்க்குள் போகும் நாய்தான் மனித மறதி நோயை ஆராய்கிறவர்களுக்குப் பொருத்தமான துணை என்று பலர் நினைப்பதற்கு இதுவே காரணம்.

எவ்வளவு பரவலானது? 2001இல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகத்தினர் வெளியிட்ட ஆய்வில், 11, 12 வயது நாய்களில் 28 சதவீதத்துக்கு இந்த அறிகுறிகளில் ஒன்றாவது இருந்தது. 15, 16 வயதில் அது 68 சதவீதம். 2010இல் சிட்னி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கண்டது இன்னும் முக்கியம். அவர்கள் மதிப்பீட்டின்படி வயதான நாய்களில் சுமார் 14 சதவீதத்துக்கு நோய் இருந்தது. மருத்துவர் கண்டறிந்து பெயர் சொல்லியிருந்தது 2 சதவீதத்துக்கும் குறைவானவற்றுக்கே. மீதி வீடுகளில் என்ன சொல்லியிருப்பார்கள் என்று ஊகிக்கலாம். அங்கேயும் "வயசாயிடுச்சு, அதான்" என்ற அதே வாக்கியம்தான், ஆங்கிலத்தில்.

தூக்கத்தையும் அளந்திருக்கிறார்கள். அமெரிக்காவின் வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகத்தில் வயதான 28 நாய்களின் தலையில் மின்முனைகளை ஒட்டி, மதியத் தூக்கத்தில் மூளை அலைகளைப் பதிவு செய்தார்கள். 2023இல் முடிவு வந்தது. மறதி அதிகமிருந்த நாய்கள் குறைவாகத் தூங்கின. ஆழ்ந்த தூக்கமும் குறைவு, கனவு வரும் தூக்கமும் குறைவு. ஆக, ராத்திரி நடக்கும் நாய் நம்மைத் தொந்தரவு செய்வதற்காக விழித்திருக்கவில்லை. தூக்கத்தை உண்டாக்கும் மூளைப் பகுதிகளே அதற்குச் சரியாக வேலை செய்யவில்லை.

நம் ஊரில் இதற்கு இன்னொரு பரிமாணம் உண்டு. நாய் ஊளையிட்டால் எமன் தெருவுக்குள் வந்துவிட்டான் என்று நம்புகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். மறதி நோய் வந்த நாய் இருட்டில் திசை தெரியாமல் கத்தும். காதும் கேட்காததால் தன் குரலின் அளவு அதற்குத் தெரியாது, நீண்ட ஊளையாகவே வரும். பக்கத்து வீட்டார் அபசகுனம் என்று சண்டைக்கு வர, பத்து வருடம் கேட்டைக் காத்த நாயைக் கொண்டுபோய் ஏரிக்கரைப் பக்கம் விட்டுவிட்டு வந்த கதையைக் கேட்டிருக்கிறேன். அந்த ஊளையில் வரப்போகும் சாவைப் பற்றிய செய்தி எதுவும் இல்லை. எங்கே இருக்கிறேன் என்று தெரியவில்லை, யாராவது வாருங்கள் என்பதுதான் அதில் இருக்கிறது. விளக்கைப் போட்டுப் பக்கத்தில் போய் உட்கார்ந்தால் அநேகமாக அடங்கும்.

என்ன செய்யலாம்? முதலில் இரவு நடைக்கு வேறு காரணம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். மூட்டு வலித்தால் படுக்க முடியாமல் நடக்கும். சிறுநீர்ப்பையில் தொற்று இருந்தால் அடிக்கடி எழும். ரத்த அழுத்தம், கண் இருட்டாவது, காது கேட்காதது எல்லாமே குழப்பத்தைக் கூட்டும். அவற்றைக் கழித்தபின் மிஞ்சுவதே மூளையின் பங்கு. அதற்கு செலிஜிலின் என்ற மருந்துக்கு 1998இல் அமெரிக்க மருந்து ஆணையம் அனுமதி தந்தது. மனிதர்களுக்குப் பார்க்கின்சன் நோயில் கொடுக்கப்படும் அதே மருந்து. மூளையில் டோபமைன் சிதைவதைக் குறைக்கிறது. எல்லா நாய்க்கும் பலிக்காது, வேறு சில மருந்துகளோடு சேரவும் கூடாது.

மருந்தைவிட என்னை ஈர்த்தது பீகிள் நாய்களை வைத்து டொராண்டோ, கலிஃபோர்னியா ஆய்வாளர்கள் செய்த நீண்ட பரிசோதனை. வயதான 48 பீகிள்களை நாலு குழுவாகப் பிரித்தார்கள். ஒரு குழுவுக்கு ஆக்சிஜனேற்றத்தைத் தடுக்கும் சத்துகள் சேர்த்த உணவு. இன்னொன்றுக்குக் கூடுதல் நடை, விளையாட்டுப் பொருள், துணை நாய், புதிர்ப் பயிற்சி. மூன்றாவதற்கு இரண்டும். நான்காவதற்கு எதுவும் இல்லை. இரண்டு வருடத்துக்கும் மேல் தொடர்ந்த இந்தச் சோதனையில், உணவோடு வேலையும் பெற்ற கிழட்டு நாய்களே கற்பதில் முன்னுக்கு நின்றன. 2022இல் நாய்களின் முதுமை பற்றிய அமெரிக்கப் பெருந்திட்டம் 15,019 நாய்களின் தகவலைத் திரட்டி வெளியிட்டதும் இதோடு ஒத்துப்போகிறது. வயது ஒவ்வொரு வருடம் கூடும்போதும் மறதி நோய்க்கான சாத்தியம் 52 சதவீதம் ஏறியது. ஒரே வயது, ஒரே இனம், ஒரே உடல்நிலை உள்ள நாய்களில், ஓடியாடாதவற்றுக்குச் சாத்தியம் ஆறு மடங்குக்கும் மேல். இதில் எது காரணம், எது விளைவு என்று பிரிப்பது கடினம். மறதி வந்ததால் நடமாட்டம் குறைந்திருக்கவும் கூடும். இருந்தாலும், வயதாகிவிட்டது, கிடக்கட்டும் என்று நடையை நிறுத்துவதற்கு ஆதரவான ஆய்வு எதையும் நான் பார்த்ததில்லை.

நடையின் நீளம் முக்கியமில்லை. மோப்பம்தான் முக்கியம். கண்ணும் காதும் தளர்ந்தபின் நாய்க்கு மிஞ்சும் உலகம் மூக்கில் இருக்கிறது. ஒரே விளக்குக் கம்பத்தை ஐந்து நிமிடம் முகர்ந்தால் விட்டுவிட வேண்டும், கயிற்றை இழுக்கக் கூடாது. வீட்டில் பிஸ்கட்டைத் துண்டாக்கிப் பழைய துண்டில் சுருட்டிக் கொடுத்தால் தேடி எடுக்கும். காலை வெயிலில் அரை மணி நேரம் இருந்தால் இரவு பகல் கணக்கு உடம்புக்குத் திரும்பும். ராத்திரி ஒரு சின்ன விளக்கு எரியட்டும். மேசை நாற்காலியை இடம் மாற்றாதீர்கள்.

தண்ணீர்ப் பாத்திரம் வழக்கத்தைவிடச் சீக்கிரம் காலியானால் அதைக் கவனியுங்கள். சிறுநீரகத்தின் வடிகட்டிகளில் முக்கால்வாசி போன பிறகுதான் கிரியேட்டினின் அளவு ரத்தத்தில் தெளிவாக ஏறும். அதற்கு முன்பே தாகம் காட்டிக்கொடுத்துவிடும். கருத்தடை செய்யாத பெண் நாய் என்றால் இன்னும் கவனம் தேவை. பருவம் முடிந்த சில வாரங்களில் நிறையத் தண்ணீர் குடித்து, சோறு தின்னாமல் சுருண்டு படுத்தால் கருப்பையில் சீழ் கோத்திருக்கலாம். அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய விஷயம் அது. கருத்தடை செய்த பெண் நாய் தூக்கத்தில் தன்னையறியாமல் சொட்டுவது வேறு. மூத்திரக் குழாயின் தசை தளர்ந்ததால் வருவது, மாத்திரையில் பெரும்பாலும் கட்டுப்படும். இதற்குப் போய் நாயை அடிப்பவர்களைப் பார்த்தால் மனசு வெந்துபோகிறது.

கத்திரி வெயிலில் இந்த ஊரில் வயதான நாய்களுக்குப் பெரும்பாடு. நாய்க்கு வியர்வை பாதத்தில் மட்டும்தான். நாக்கை நீட்டி மூச்சிரைத்து, எச்சிலை ஆவியாக்கித்தான் உடல் சூட்டை இறக்குகிறது. கடற்காற்றின் ஈரப்பதம் ஏறியிருக்கும் நாளில் ஆவியாவதும் குறையும். வயதான லேப்ரடார்களில் குரல்வளைத் தசை செயலிழப்பதும் உண்டு. குரைப்பு கம்மிப்போய், மூச்சை உள்ளே இழுக்கும்போது கரகரவென்று சத்தம் வந்தால் அதைச் சந்தேகிக்க வேண்டும். அப்படிப்பட்ட நாயை மதியத்தில் மொட்டை மாடியிலோ மூடிய காரிலோ விட்டால் உயிருக்கே ஆபத்து.

இடியையும் பட்டாசையும் சின்ன வயதில் சட்டை செய்யாத நாய் இப்போது நடுங்கினால் அதுவும் ஒரு தகவல். குமணன்சாவடியில் மெட்ரோவின் மேம்பாலப் பாதைக்குத் தூண்கள் எழுந்த காலத்தில், இயந்திரச் சத்தத்துக்குப் புதிதாகப் பயந்த கிழட்டு நாய்களைப் பற்றிப் பலர் சொன்னார்கள். பிரிட்டனின் லிங்கன் பல்கலைக்கழகத்தினரும் பிரேசில் ஆய்வாளர்களும் 2018இல் வெளியிட்ட ஓர் ஆய்வு, சத்தத்துக்குப் பயப்படும் நாய்களில் வலியும் இருந்தவற்றுக்கு, வலியில்லாதவற்றைவிடப் பல வருடம் தாமதமாகவே அந்தப் பயம் தொடங்கியது என்று காட்டுகிறது. சத்தத்தில் உடம்பு திடுக்கென்று இறுகும்போது புண்பட்ட மூட்டில் வலி பாய்கிறது. அடுத்த முறை சத்தமே வலியாகத் தோன்றுகிறது. வலிக்கு மருந்து கொடுத்தால் பயமும் இறங்குகிறது.

சாப்பாட்டைப் பற்றி ஒன்றே ஒன்று. 48 லேப்ரடார்களைக் குட்டிப் பருவத்திலிருந்து இரண்டிரண்டாக இணைத்து, ஒன்றுக்கு மற்றதைவிடக் கால் பங்கு குறைவாகச் சாப்பாடு போட்டு வளர்த்தது ஒரு நீண்ட ஆய்வு. 2002இல் முடிவு வெளியானது. குறைவாகத் தின்றவற்றின் இடைநிலை ஆயுள் 13 வயது, மற்றவற்றுக்கு 11.2. மூட்டுத் தேய்வும் அவற்றுக்குத் தாமதமாகவே வந்தது. பாசத்தில் தயிர் சாதத்தைக் கூட ஒரு கரண்டி வைக்கும் அம்மாக்களிடம் இதைச் சொல்வது கடினம். சொல்லித்தான் ஆக வேண்டும்.

வேப்பேரியில் 1903இலிருந்து இயங்கும் சென்னை கால்நடை மருத்துவக் கல்லூரியின் ஆஸ்பத்திரி, அக்கம்பக்கத்து மருத்துவர் கைவிரித்த நாய்களை நாம் கொண்டுபோகும் இடம். 30 கிலோ நாயை ஏற்ற ஆட்டோக்காரர் சம்மதிக்க வேண்டும், நெடுஞ்சாலை நெரிசலில் அது மிரளாமல் இருக்க வேண்டும். அங்கே போய்ச் சேர்ந்ததும் பயத்தில் நாய் விறைப்பாக நிற்கும், நொண்டாது, குழம்பாது. அதனால் வீட்டில் அது எழுந்திருப்பதையும் படி இறங்குவதையும் ராத்திரி நடப்பதையும் செல்போனில் படம் பிடித்துக்கொண்டு போங்கள். தண்ணீர் எவ்வளவு குடிக்கிறது, எடை எப்படி மாறியிருக்கிறது என்றும் குறித்துக்கொள்ளுங்கள். 8 வயதுக்கு மேல் ஆறு மாதத்துக்கு ஒரு முறை பார்த்துவிடுவது நல்லது.

ஒரு கட்டத்தில் மருந்தும் ஏற்பாடும் போதாமல் போகும். அப்போது எதை வைத்து முடிவெடுப்பது என்பதற்கு அமெரிக்கக் கால்நடைப் புற்றுநோய் மருத்துவர் ஆலிஸ் வில்லலோபோஸ் 2004இல் ஓர் அளவுகோல் வகுத்தார். வலி, பசி, உடலில் நீர், சுத்தம், மகிழ்ச்சி, நடமாட்டம், கெட்ட நாட்களைவிட நல்ல நாட்கள் அதிகமா என்று ஏழு கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் பத்துக்கு மதிப்பெண். கடைசிக் கேள்விக்கு நினைவை நம்ப முடியாது. நாம் நல்ல நாட்களை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வோம். எனவே தினசரி காலண்டரில் ஒரு குறி போட்டு வர வேண்டும், அதுவும் வீட்டில் ஒரே ஆள் போடாமல், சோறு வைப்பவரும் நடக்கக் கூட்டிப்போகிறவரும் தனித்தனியே. எங்கள் வீட்டில் ராணிக்கு நானும் அம்மாவும் போட்டு வருகிறோம். மாதக் கடைசியில் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்து, மருத்துவரிடம் அதையே காட்டுகிறோம்.